21 நாள் பயிற்றுவிப்பாளர்

பெரிய நட்சத்திரமாக மின்னாத வீரரே நல்ல பயிற்றுவிப்பாளர் ஆவார் என்பது கிரிக்கெட் பேசுவோரிடையே இப்போது வேதவாக்கு. யாழ்ப்பாணத்தில் இதற்குச் சாட்சியாகக் காட்டப்படுபவர் திலின கண்டம்பி. இலங்கைக்காக 39 ஒருநாள் போட்டிகளில் ஆடியவர். அவற்றில் சதம் இல்லை. டெஸ்ட் தொப்பி கிடைக்கவேயில்லை. 2011 ஜூனில் பிரிஸ்டலில் இங்கிலாந்துடன் நடந்த இருபதுக்கு இருபது போட்டிக்கு அவரை அணித்தலைவராக்கினார்கள். அணி 9 விக்கெட்டுகளால் வென்றது. ஆனால் அந்தத் தலைமை பிறகு அவருக்குத் திரும்பி வரவில்லை. இப்படி வாசல்படியில் நின்றே காலம் கழித்தவர், லங்கா பிரீமியர் லீக்கில் 2020, 2021, 2022 என மூன்று ஆண்டும் ஜப்னா அணிக்குக் கிண்ணம் எடுத்துக் கொடுத்தார். இதற்கு மேல் என்ன சான்று வேண்டும் என்கிறார்கள்.

வாதத்தில் உண்மை இருக்கிறது. ஜோன் புக்கனன் முதல்தரப் போட்டிகளில் ஆடியது ஏழே ஏழு. அவர் பயிற்றுவித்த அவுஸ்திரேலியா 2003இலும் 2007இலும் உலகக் கிண்ணம் வென்றது. கொழும்பில் பிறந்து அவுஸ்திரேலியாவுக்கு 7 டெஸ்ட் ஆடிய டேவ் வட்மோர்தான் 1996இல் உலகக் கிண்ணம் வென்ற நமது அணியின் பயிற்றுவிப்பாளர். ஜப்னா அணியின் பயிற்சிக் குழுவில் இருந்த ஹேமங் பதானி இந்தியாவுக்கு 4 டெஸ்ட், 40 ஒருநாள் ஆடியவர், ஐ.பி.எல்.லில் டெல்லி கெப்பிட்டல்ஸின் தலைமைப் பயிற்றுவிப்பாளர் பதவி 2024இல் அவரிடம் வந்தது. அடுத்த ஆட்டத்தில் இடம் உண்டா இல்லையா என்று தெரியாமல் பல வருடம் ஓய்வறையில் உட்கார்ந்தவனுக்கு மற்றவனின் பயமும் பலவீனமும் பிடிபடும். கண்டம்பிக்கும் அது பிடிபட்டிருக்கிறது. நிதானமானவர், தன்னை முன்னிறுத்தாதவர். இதெல்லாம் சரி.

என் மறுப்பு வேறிடத்தில். அந்தக் கிண்ணங்களை வைத்து நாம் எதை அளக்கிறோம்? 2020 தொடர் நவம்பர் 26இல் தொடங்கி டிசம்பர் 16இல் முடிந்தது: 21 நாள். 2024 தொடர் ஜூலை 1 முதல் 21 வரை: அதுவும் 21 நாள். இடைப்பட்ட வருடங்களில் சிலது இன்னும் குறைவு. வீரர்களோ எங்கெங்கோ உருவாகி முடிந்து, தெரிவிலும் ஏலத்திலும் வாங்கப்பட்டு வருகிறவர்கள். 2020இல் திசர பெரேரா, சொயிப் மலிக், வனிந்து ஹசரங்க எல்லாரும் ஒரே அணியில். சமைத்து வைத்த சோற்றைப் பரிமாறுவதும் ஒரு திறமைதான். பந்தியில் நல்ல பெயர் கிடைக்கும். நெல்லை விதைத்தவன் யார் என்ற கேள்வி மட்டும் அங்கே எழாது.

யாழ்ப்பாணத்தில் அந்தக் கேள்விதான் முதலில் எழ வேண்டும். அதே 2020 அணியில் விஜயகாந்த் வியாஸ்காந்த், கனகரத்தினம் கபில்ராஜ், தெய்வேந்திரம் டினோஷன், செபஸ்தியாம்பிள்ளை விஜயராஜ் என்று நான்கு தமிழ் இளைஞர்கள் இருந்தார்கள். பெயர்ப்பட்டியல் வந்த அன்று ஊரே கொண்டாடியது. வியாஸ்காந்த் டிசம்பர் 4இல் களமிறங்கி அஞ்சலோ மத்தியூஸின் விக்கெட்டை எடுத்தார். அவரும் சுழல், ஹசரங்கவும் அதே மணிக்கட்டுச் சுழல். அந்தத் தொடரில் அதிக விக்கெட் எடுத்தவரே ஹசரங்க. எந்தப் பயிற்றுவிப்பாளரும் ஹசரங்கவைத்தான் ஆட்டுவார். நானும் அதைத்தான் செய்வேன். குறையும் அங்கேயே இருக்கிறது: 21 நாளில் கிண்ணத்துக்குப் பதில் சொல்ல வேண்டியவரால் 18 வயதுப் பையனின் அடுத்த ஐந்து வருடத்துக்குப் பதில் சொல்ல முடியாது.

அந்தப் பையனுக்கு என்ன தேவை என்று பார்ப்போம். எங்கள் பாடசாலைக் கிரிக்கெட் பெரும்பாலும் மற்றிங் விரிப்பில் வளர்ந்தது. மற்றிங்கில் பந்து பிடித்து எழும்பும். மணிக்கட்டைக் கொஞ்சம் திருப்பினாலே துடுப்பாட்டக்காரனின் இடுப்புக்கு வரும். புற்றரையில் அதே பந்து தாழ்ந்து வழுக்கிக்கொண்டு போகும். மேற்சுழற்சியைக் கூட்ட வேண்டும், பந்து விழும் இடத்தை மாற்ற வேண்டும், கையை விடும் கோணத்தையே புதிதாகப் பழக வேண்டும். வேகப்பந்து வீசுகிறவனுக்கு இன்னும் கஷ்டம். மற்றிங்கில் றப்பர் அடிச் சப்பாத்தோடு ஓடிப் பழகியவன், முள்ளுச் சப்பாத்தோடு புற்றரையில் முன்காலை ஊன்றும்போது முழங்கால் வேறு கணக்குச் சொல்லும். பின்காலில் நின்று வெட்டி அடித்தே ஓட்டம் சேர்த்த துடுப்பாட்டக்காரன் முன்காலுக்கு வர ஒரு முழுப் பருவம் பிடிக்கும். இதைத் திருத்த ஒரே ஆள் வருடக்கணக்கில் ஒவ்வொரு பின்னேரமும் வலைக்குப் பின்னால் நிற்க வேண்டும். ஒப்பந்தம் முடிந்ததும் விமானம் ஏறுகிறவர் எவ்வளவு கெட்டிக்காரராக இருந்தாலும் அது அவரால் ஆகாது.

முரளிதரன் கதையை எல்லாரும் சொல்வார்கள். கண்டி சென். அந்தனிஸ் கல்லூரியில் மிதவேகம் வீசிக்கொண்டிருந்த பதினான்கு வயதுப் பையனைச் சுழலுக்குத் திருப்பியவர் பாடசாலைப் பயிற்றுவிப்பாளர் சுனில் பெர்னாண்டோ. 1996 கிண்ணத்தோடு வட்மோரின் பெயர் நிலைத்தது. சுனில் பெர்னாண்டோவின் பெயரை எங்கள் மைதானத்தில் எத்தனை பேர் சொல்வார்கள்?

எங்களிடமும் அப்படிப்பட்டவர்கள் இருக்கிறார்கள். 1904இலிருந்து வரும் ‘வடக்கின் பெரும் போர்’ பாடசாலை ஆட்டத்தில் யாழ். மத்திய கல்லூரிக்கோ சென். ஜோன்ஸுக்கோ ஆடி, பிறகு ஜொலி ஸ்டார்ஸிலோ ஜொனியன்ஸிலோ சில வருடம் விளையாடி, தேசிய அணியின் வாசனையே படாமல் ஓய்ந்து, பின்னேரங்களில் பையன்களுக்குப் பந்து போடுகிறவர்கள். சாதாரண வீரரே நல்ல பயிற்றுவிப்பாளர் என்று மெய்யாகவே நம்புகிறவர்கள் முதலில் இவர்களைத்தான் தேட வேண்டும். இவர்களுக்குக் கிடைப்பதோ பழைய மாணவர் சங்கம் கொடுக்கும் சிறு படி, தோற்றால் வசை. அந்த வாதம் எங்கள் ஊரில் ஒருவகை வசதிதான் என்று நான் சந்தேகப்படுவது இதனால்தான்: கொழும்பிலிருந்து வருகிற சாதாரண வீரர் ஞானி, உள்ளூர்ச் சாதாரண வீரர் வெறும் மாஸ்டர்.

2024இல் ஜப்னா கிங்ஸ் நான்காவது கிண்ணமும் எடுத்தது. அதே வருடம் ஹசரங்க காயப்பட, அவரது இடத்துக்கு ஐ.பி.எல். அணியான சன்ரைசர்ஸ் ஹைதராபாத் அழைத்தது வியாஸ்காந்தை. பெருமைதான். ஆனால் 2020இன் அந்த நான்கு தமிழ் இளைஞர்களில் அந்தத் தூரம் போனவர் அவர் ஒருவரே. யாழ்ப்பாணத்தின் பெயரைச் சுமக்கும் இந்த அணி இதுவரை யாழ்ப்பாணத்தில் ஒரு ஆட்டம்கூட ஆடியதில்லை.

2025 செப்டம்பர் 1இல் மண்டைதீவில் சர்வதேச மைதானத்துக்கு அடிக்கல் நாட்டினார்கள். இருக்கைகள் எழும்பட்டும். அதற்கு முன்பு வலிகாமத்துக்கும் வடமராட்சிக்கும் தென்மராட்சிக்கும் தலா ஒரு புற்றரைப் பயிற்சித்தளமும், வருடம் பன்னிரண்டு மாதமும் சம்பளம் வாங்குகிற ஒரு பயிற்றுவிப்பாளரும் வேண்டும். ஜப்னா என்ற பெயரை வைத்துப் பணம் பார்க்கும் உரிமையாளர்கள் ஒரேயொரு வெளிநாட்டு வீரரின் சம்பளத்தை இதற்கு ஒதுக்கட்டும். பழைய மாணவர் சங்கங்களில் இருப்பவர்களே, அடுத்த பொதுக்கூட்டத்தில் பெரும் போரின் செலவுக் கணக்கை வாசிக்கும்போது, பயிற்றுவிப்பாளருக்கு எவ்வளவு என்று எழுந்து கேளுங்கள்.