தோளில் இரண்டு வடு: ‘ஏஜென்ட் கார்ட்டர்’ ஐந்தாவது எபிசோடை எப்படி ரசிப்பது?

சூப்பர்ஹீரோ தொடர் என்றால் யாராவது பறக்க வேண்டும், நாலு கட்டடமாவது இடிந்து விழ வேண்டும். அந்த எதிர்பார்ப்போடு ‘ஏஜென்ட் கார்ட்டர்’ பார்க்க உட்கார்ந்தால் பத்தாவது நிமிடத்தில் கை ரிமோட்டைத் தேடும். இதன் நாயகி பெகி கார்ட்டருக்கு எந்த அதீத சக்தியும் கிடையாது. மற்றவர்களுக்கு அவளைப் பற்றி இருக்கும் அலட்சியம்தான் அவளுடைய ஒரே ஆயுதம். இந்தப் பெண் என்ன செய்துவிடப் போகிறாள் என்று எதிரில் இருப்பவன் நினைக்கும் நேரத்துக்குள் அவள் காரியத்தை முடித்துவிடுவாள்.

அமெரிக்காவின் ஏபிசி தொலைக்காட்சியில் 2015 ஜனவரி 6 அன்று தொடங்கிய மார்வெல் தொடர் இது. ஹேலி அட்வெல் நாயகி. முதல் சீசனில் 8, இரண்டாவதில் 10 என்று 18 எபிசோடுகள் ஓடி, 2016 மே மாதம் நிறுத்தப்பட்டது. அவற்றில் மிகச் செறிவானது 2015 பிப்ரவரி 3 அன்று ஒளிபரப்பான முதல் சீசனின் ஐந்தாவது எபிசோடு, ‘தி அயர்ன் சீலிங்’. எழுதியவர் ஹோசே மொலினா, இயக்கியவர் பீட்டர் லெட்டோ. கதையைத் தொடாமல் இதன் ருசியைச் சொல்ல வழியில்லை. முடிச்சுகள் முன்கூட்டியே அவிழ்வது பிடிக்காதவர்கள் பார்த்துவிட்டு வந்து மீதியைப் படிக்கலாம்.

இதைப் பார்ப்பதற்கு ஒரு கேள்வியைக் கையில் வைத்துக்கொண்டால் போதும்: இந்தக் காட்சியில் யார், யாரைத் தப்பாக எடைபோடுகிறார்கள்?

முதலில் 1946-ஐப் பிடியுங்கள்

இரண்டாம் உலகப் போர் முடிந்து ஒரு வருடம்கூட நிறையவில்லை. போர்க்கால உளவு அமைப்பான ஓ.எஸ்.எஸ்.ஸை அதிபர் ட்ரூமன் 1945-லேயே கலைத்துவிட்டார். சி.ஐ.ஏ. பிறந்தது 1947-ல். நேற்றைய கூட்டாளி ரஷ்யா இன்றைய எதிரியாகிக்கொண்டிருந்த, ஆனால் விளையாட்டின் விதிகளை இன்னும் யாரும் எழுதி முடிக்காத இடைக்காலம் அது. கற்பனையான எஸ்.எஸ்.ஆர். உளவு அலுவலகத்தைத் தொடர் அந்த இடைவெளியில்தான் கொண்டுபோய் வைக்கிறது. வெளியே தொலைபேசி நிறுவனம். உள்ளே துப்பாக்கியும் விசாரணை அறையும்.

போரில் பெண்கள் செய்த வேலையும் நினைவில் இருக்கட்டும். பிரிட்டனின் பிளெட்ச்லி பூங்காவில் ஜெர்மானியச் சங்கேதங்களை உடைக்கும் பணியில் இருந்தவர்களில் ஏறத்தாழ முக்கால்வாசிப் பேர் பெண்கள். திப்பு சுல்தானின் வம்சத்தில் வந்த நூர் இனாயத் கான், பிரிட்டிஷ் உளவு அமைப்புக்காக ஜெர்மனியின் பிடியிலிருந்த பாரிஸில் ரகசிய வானொலி இயக்கி, 1944-ல் டாஹாவ் முகாமில் கொல்லப்பட்டார். போர் முடிந்து ஆண்கள் ஊர் திரும்பியதும், இப்படி உழைத்த எத்தனையோ பெண்களிடம் ‘போதும், வீட்டுக்குப் போகலாம்’ என்றார்கள். பெகியை எஸ்.எஸ்.ஆர். வீட்டுக்கு அனுப்பவில்லை. ஃபைல் அடுக்கவும் காபி கொண்டுவரவும் வைத்துக்கொண்டார்கள்.

முன்கதையில் தெரிய வேண்டியது கொஞ்சம்தான். கண்டுபிடிப்பாளர் ஹோவர்ட் ஸ்டார்க் எதிரிக்கு ஆயுதம் விற்றார் என்று எஸ்.எஸ்.ஆர். அவரைத் தேடுகிறது. அவர் குற்றமற்றவர் என்று நம்பும் பெகி, தன் அலுவலகத்துக்கே தெரியாமல் அவருக்காகத் துப்பறிகிறாள். முதல் எபிசோடில் பொன்னிற விக் வைத்து ஒரு இரவு விடுதிக்குள் நுழைகிறாள். அங்கே எடுத்த புகைப்படத்தில் அவள் முகம் விழவில்லை, முதுகுப்புறம் மட்டும் விழுந்துவிட்டது. அந்தப் படம் சக ஏஜென்ட் டேனியல் சூசாவின் கையில் இருக்கிறது. இந்தப் படத்தை மறந்துவிடாதீர்கள்.

தொடக்கக் காட்சி: ரொட்டியும் கைவிலங்கும்

ரஷ்யா, 1937. வரிசையாகக் கட்டில்கள், ஒவ்வொன்றிலும் ஒரு சிறுமி, கட்டிலோடு சேர்த்துக் கைவிலங்கு. காலையில் விலங்கு கழன்றதும் வகுப்பு தொடங்குகிறது. திரையில் வால்ட் டிஸ்னியின் ‘ஸ்னோ ஒயிட்’ ஓட, அதன் வசனங்களைச் சிறுமிகள் ஒரே குரலில் ஆங்கிலத்தில் ஒப்பிக்கிறார்கள். அமெரிக்கக் குழந்தைகளின் செல்லப் படம், அமெரிக்கர்களைப் போல நடிக்கப் பழக்கும் பாடப்புத்தகமாக மாறியிருக்கிறது. பிறகு இரண்டு சிறுமிகள் ரொட்டியைப் பகிர்ந்து தின்கிறார்கள். அடுத்து அந்த இருவரையும் சண்டைப் பயிற்சியில் எதிரெதிரே நிறுத்துகிறார்கள். ஒருத்தி மற்றவளின் கழுத்தை முறிக்கிறாள். கேமரா அவள் முகத்தைத் தேடிப் போகிறது. அங்கே ஒன்றும் இல்லை.

உடனே வெட்டு. 1946, நியூயார்க், பெண்கள் மட்டுமே தங்கும் கிரிஃபித் விடுதி. பெகியின் பக்கத்து அறையில் இருக்கும் டாட்டி கண் விழிக்கிறாள். அயோவாவிலிருந்து வந்த அப்பாவிப் பெண் என்று விடுதியே நம்பும் டாட்டி. அவள் கை கட்டிலில் விலங்கிட்டிருக்கிறது. பூட்டியவளும் அவளே, திறப்பவளும் அவளே. இப்போது அவளை யாரும் அடைத்து வைக்கவில்லை, ஆனால் விலங்கில்லாமல் அவளுக்குத் தூக்கம் வராது. ஒரு வார்த்தை வசனம் இல்லாமல் ஒரு வாழ்க்கையே சொல்லப்பட்டுவிடுகிறது. டாட்டியாக நடிக்கும் பிரிட்ஜெட் ரீகனின் கையைக் கவனியுங்கள். பல் தேய்ப்பது போன்ற அன்றாட வேலையாக அந்தப் பூட்டைத் திறப்பார்.

கால ஆராய்ச்சிப் பிரியர்களுக்கு ஒரு தீனி. ‘ஸ்னோ ஒயிட்’ லாஸ் ஏஞ்சலஸில் முதன்முதலாகத் திரையிடப்பட்டதே 1937 டிசம்பர் 21 அன்று. அதே வருடம் ரஷ்யாவின் ஒரு ரகசியப் பள்ளிக்கு அந்தப் படம் போய்ச் சேர்ந்திருக்குமா? எழுதியவர்கள் நாட்காட்டியைக் கொஞ்சம் வளைத்திருக்கிறார்கள். காட்சியின் பலத்துக்காக மன்னிக்கலாம்.

அலுவலகத்தில்: பேசுபவரை விட்டுவிட்டு மற்றவர்களைப் பாருங்கள்

லெவியாத்தன் என்ற சோவியத் ரகசிய அமைப்பின் தட்டச்சுப் பொறி தானாகவே ஒரு சங்கேதச் செய்தியை அடிக்கிறது. நிபுணர் திணற, பெகி அதை அங்கேயே உடைத்துப் படித்துவிடுகிறாள். இந்த இடத்தில் ஹேலி அட்வெலை எல்லோரும் பார்ப்பார்கள். இரண்டாம் முறை பார்க்கும்போது சுற்றி நிற்கும் ஆண்களைப் பாருங்கள். பாராட்ட வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. முகங்களில் திகைப்பும் ஒருவித சங்கடமும்தான்.

செய்தி காட்டும் இடம் சோவியத் எல்லைக்குள், பெலாரஸில். ஏஜென்ட் ஜாக் தாம்ப்சன் தலைமையில் குழு கிளம்புகிறது. பெகியை அனுப்ப மேலதிகாரி டூலி முதலில் ஒப்புவதில்லை. கேப்டன் அமெரிக்காவோடு போரிட்ட ‘ஹவ்லிங் கமாண்டோஸ்’ படையைத் துணைக்கு வரவழைத்துக் காட்டித்தான் அவள் தன் இடத்தை வாங்குகிறாள். அங்கே போனதும் டம் டம் டகனும் கூட்டாளிகளும் பழகிய தளபதியை வரவேற்பதுபோல அவளை வரவேற்கிறார்கள். அலுவலகத்தில் காபி கொண்டுவருபவள் இங்கே கட்டளையிடுபவள். பெகி மாறவில்லை, பார்க்கும் கண்கள் மாறியிருக்கின்றன. தாம்ப்சன் இதை ஓரமாக நின்று கவனிப்பதைத் தவறவிடாதீர்கள். அவன் மாறத் தொடங்குவது அந்த இடத்தில்.

அழும் சிறுமி, உறையும் வீரன்

ரகசியக் கட்டடத்துக்குள் நுழைந்ததும் திரைப்படக் கருவி வைத்த வகுப்பறை, சின்னச் சின்னக் கட்டில்கள், அவற்றில் விலங்குகள். தொடக்கக் காட்சியைப் பார்த்த நமக்கு இது எப்படிப்பட்ட இடம் என்று தெரியும், பாத்திரங்களுக்குத் தெரியாது. அந்த இடைவெளியில்தான் பதற்றம் பிறக்கிறது. ஒரு மூலையில் சிறுமி ஒருத்தி அழுகிறாள். டகன் பரிவோடு நெருங்குகிறான். நமக்குக் கத்த வேண்டும்போல இருக்கும். அவள் டகனைக் கத்தியால் குத்துகிறாள். அடுத்த கணம் ஜூனியர் ஜூனிப்பர் என்ற வீரனைச் சுட்டுக் கொல்கிறாள். சிறு பெண் என்ன செய்துவிடுவாள் என்ற நினைப்புக்கு ஓர் உயிர் விலை. பெகியின் அலுவலகத்தார் செய்யும் அதே தப்பைத்தான், நல்ல மனசோடு, டகனும் செய்கிறான்.

அடுத்து வரும் துப்பாக்கிச் சண்டையில் யார் எத்தனை பேரை வீழ்த்தினார்கள் என்று எண்ண வேண்டாம், தாம்ப்சனைப் பாருங்கள். நேவி கிராஸ் பதக்கம் வாங்கிய வீரன், அலுவலகத்தின் செல்லப் பிள்ளை, குண்டுகளுக்கு நடுவே உறைந்து உட்கார்ந்துவிடுகிறான். பெகிதான் அவனை மீட்டுக்கொண்டு வருகிறாள்.

எபிசோடின் உச்சம் இந்தச் சண்டை இல்லை. திரும்பும் விமானத்தில் வரும் சிறிய உரையாடல்தான். ஒக்கினாவாவில் ஆறு ஜப்பானிய வீரர்கள் முகாமுக்குள் வந்தார்கள், தாம்ப்சன் தனியாக நின்று சுட்டுத்தள்ளினான். பதக்கத்தின் கதை இதுதான். உண்மையில் அவர்கள் சரணடைய வந்தவர்கள். வெள்ளைக் கொடியை அவன் பார்த்தது சுட்ட பிறகு. அதை மண்ணில் புதைத்துவிட்டு, கிடைத்த பதக்கத்தை வாங்கிக்கொண்டான். அதுவரை அழகான திமிர் பிடித்தவனாகவே வந்துபோன தாம்ப்சனாக நடிக்கும் சாட் மைக்கேல் மர்ரே, இங்கே குரலை உயர்த்தாமல் பேசுகிறார். பெகி அறிவுரை எதுவும் சொல்வதில்லை, கேட்டுக்கொள்கிறாள். ஊரே கொண்டாடும் வீரன் ஒரு பொய்யைச் சுமக்கிறான். உண்மையான வீராங்கனையோ இன்னொரு பொய்யைச் சுமந்தபடி எதிரே உட்கார்ந்திருக்கிறாள்.

சூசாவின் கண்கள்

இப்போது அந்தப் புகைப்படத்துக்கு வருவோம். பயணத்துக்குக் கிளம்பும்போது, ஆண்கள் உடைமாற்றும் அறையிலேயே பெகியும் உடை மாற்ற வேண்டியிருக்கிறது. சூசா உள்ளே வந்துவிடுகிறான். கூச்சம் கலந்த நகைச்சுவைக் காட்சிபோல அது கடந்துபோகும். நாமும் சிரித்துவிட்டு விட்டுவிடுவோம். அவன் மட்டும் விடவில்லை: அவள் தோளில் இரண்டு தோட்டா வடுக்கள். கடைசியில் புகைப்படத்தை எடுத்துப் பார்க்கிறான். முகம் தெரியாத பொன்னிறப் பெண்ணின் தோளிலும் அதே வடுக்கள்.

போரில் காலை இழந்து ஊன்றுகோலோடு நடக்கும் சூசா, அந்த அலுவலகத்தில் பெகியை முதல் நாளிலிருந்தே மதித்த ஒரே ஆள். எல்லோரும் அவளைத் தப்பாக எடைபோட்ட கதையில், அவளைச் சரியாகப் பார்த்தவன்தான் அவளுக்கு ஆபத்தாகிறான். அதுவும் தாம்ப்சனும் மற்றவர்களும் அவளை முதன்முறையாகத் தங்களில் ஒருத்தியாகச் சேர்த்துக்கொண்டு மது அருந்த அழைக்கும் அதே மாலையில். திரைக்கதை எழுதிப் பழகுபவர்கள் இந்த முடிச்சை மட்டும் தனியாக எடுத்துப் படிக்கலாம். உடைமாற்றும் அறையில் விதை, முடிவில் அறுவடை. நடுவில் நாம் அதை மறந்துபோகும் அளவுக்கு ஒரு முழு சோவியத் பயணம்.

குறைகள்

இல்லாமல் இல்லை. பெலாரஸ் பெரும்பாலும் இருட்டாகவும் தாழ்வாரங்களாகவுமே வருகிறது. தொலைக்காட்சி பட்ஜெட் பல்லைக் காட்டும் இடம் அது. ஜூனிப்பரை நமக்குப் பழக்கப்படுத்துவதற்குள் கொன்றுவிடுவதால் அவன் சாவு வலிக்க வேண்டிய அளவுக்கு வலிப்பதில்லை. தொடர் முழுக்க அலுவலக ஆண்களின் திமிர் சில இடங்களில் தடித்த கோடாக வரையப்பட்டிருக்கிறது.

எப்படிப் பார்க்கலாம்?

நேராக ஐந்தாவது எபிசோடுக்குத் தாவாதீர்கள். முதல் எபிசோடையாவது பார்த்துவிட்டு வாருங்கள். புகைப்படமும் பொன்னிற விக்கும் அங்கேதான் இருக்கின்றன. டாட்டி யார் என்று சந்தேகம் வர நான்காவதும் இருந்தால் நல்லது. முதல் முறை கதைக்காகப் பாருங்கள். இரண்டாம் முறை ஒலியைக் குறைத்துவிட்டு, யார் யாரை எப்படிப் பார்க்கிறார்கள் என்று மட்டும் கவனியுங்கள். ஆங்கிலம் வேகமாக இருந்தால் முதல் முறையிலேயே சப்டைட்டில் போட்டுக்கொள்ளத் தயங்க வேண்டாம். விமானக் காட்சியில் ஒரு வரியைத் தவறவிட்டாலும் நஷ்டம்.

மார்வெல் கதைகளில் இதைவிடப் பிரம்மாண்டமானவை எத்தனையோ உண்டு. நாற்பது சொச்ச நிமிடங்களில் மனிதர்களை இவ்வளவு நெருக்கமாகக் காட்டியவை மிகக் குறைவு. பார்த்து முடித்ததும் ஆறாவது எபிசோடையும் உடனே போட்டுவிடுங்கள். சூசா கண்டுபிடித்ததை வைத்து என்ன செய்கிறான் என்பது அதில்தான் இருக்கிறது.