பிலார் மிரோவின் திரையில் லோபே தே வேகாவின் செய்யுள்

லோபே தே வேகாவின் ‘தோட்டக்காரனின் நாய்’ (தமிழ் வழக்கில் வைக்கோற்போர் நாய்) என்னும் இன்பியல் நாடகம் 1618இல் அச்சேறியது. 1996இல் அதனைத் திரைப்படமாக்கிய ஸ்பானிய இயக்குநர் பிலார் மிரோ, உரையாடல்களை உரைநடையாக்காமல் செய்யுளாகவே பேசவைத்தார். இதனைப் பழமைப்பற்று எனக் கருதுவது பொருந்தாது. சீமாட்டி டயானாவின் செயலர் தியோடோரோ அவளது பணிப்பெண்ணைக் காதலிக்கிறான். அதனைக் கண்டெழும் பொறாமை அவளுள் காதலாகிறது. வெளியிடக் குலம் தடுக்கிறது. ஆகவே, தோழிக்காக எழுதியதெனக் கூறி ஒரு பதினான்கடிப் பாடலை அவனிடம் நீட்டி, அதனினும் சிறந்ததொன்று எழுதுமாறு பணிக்கிறாள். இங்குச் செய்யுள் அணியன்று, கதை நிகழ்ச்சியே. உரைநடையாக்கின் அவள் மறைந்து பேசும் இடமே இல்லாமற்போகும். நடிகர்கள் ஓசையை நீட்டாது இயல்பான பேச்சோட்டத்தில் சொல்வது அம்மறைப்பிற்குத் துணைசெய்கிறது. இறுதியில் தியோடோரோவுக்கு வாய்க்கும் உயர்குலப் பிறப்பும் வேலைக்காரன் புனைந்த கதையே. அதனை அறிந்தே டயானா அவனை மணக்கிறாள்.