புனைந்த பிறப்பும் மெய்யான உழைப்பும்: ஜெட்டா கூடாலின் திரைவாழ்வு

முன்னுரை

ஹாலிவுட்டின் பேசாப்படக் காலத்தில் புகழ்பெற்ற டச்சு நடிகையருள் ஜெட்டா கூடால் (1891–1985) குறிப்பிடத்தக்கவர். அவரைப் பற்றிய பேச்சு பெரும்பாலும் இரண்டு செய்திகளோடு நின்றுவிடுகிறது. தம் பிறப்பை மறைத்தவர் என்பது ஒன்று; எவரோடும் ஒத்துப்போகாதவர் என்பது மற்றொன்று. இவற்றைத் தனிமனிதக் குணக்குறைகளாக மட்டும் கொள்ளுதல் பொருந்தாது. திரைத்தொழில் ஒரு நடிகையிடம் எதை விரும்பிப் பெற்றது, எதை ஏற்க மறுத்தது என்பதற்கான சான்றுகளாகவும் அவற்றைக் காணல் வேண்டும்.

பிறப்பும் புனைவும்

ஆம்ஸ்டர்டாமில் வைரம் பட்டை தீட்டும் தொழிலைச் சார்ந்த யூதக் குடும்பத்தில் ஜூலி ஹென்ரியெட் கௌடெகெட் என்னும் பெயரோடு பிறந்தவர் அவர். முதல் உலகப்போர் முடிவுற்ற 1918ஆம் ஆண்டு அமெரிக்காவிற்குக் குடிபெயர்ந்தார். அங்கு அவர் கூறிக்கொண்ட வரலாறு வேறு. 1901இல் பிரான்சின் வெர்சேயில் ஒரு வழக்கறிஞரின் மகளாகப் பிறந்ததாக அவர் கூறினார். வயதில் பத்தாண்டு குறைந்தது. யூத அடையாளம் மறைந்தது. குடும்பப்பெயர் பிரெஞ்சு ஒலியை ஏற்றது.

இப்புனைவு திரைத்தொழிலின் தேவைக்கு முற்றிலும் இயைந்தது. 1922இல் திரையில் தோன்றத் தொடங்கிய அவருக்கு அயல்நாட்டு மகளிர் வேடங்களே மிகுதியாக வாய்த்தன. 'தி கிரீன் காடஸ்' (1923) படத்தில் இமயமலைப் பகுதியிலுள்ளதாகக் கற்பனை செய்யப்பட்ட ருக் என்னும் நாட்டில் ஆயாவாக நடித்தார். பிரெஞ்சுக்காரர் எனத் தம்மைக் கூறிக்கொண்ட டச்சு யூதப் பெண் ஒருவர் கீழைநாட்டுப் பணிப்பெண்ணாகத் தோன்ற முடிந்தது. ஹாலிவுட்டின் பார்வையில் அயல்நாடுகளிடையே வேறுபாடு இன்றியமையாததாக இல்லை என்பதை இது காட்டுகிறது.

அன்சியா யெசியர்ஸ்காவின் நாவலைத் தழுவிய 'சலோமி ஆஃப் தி டெனமென்ட்ஸ்' (1925) இதனினும் முரண்மிக்கது. நியூயார்க்கில் வாழும் சோன்யா என்னும் யூதப் பெண்ணாக அவர் அதில் நடித்தார். வாழ்வில் மறைத்த அடையாளம் அங்கே வேடமாக வெளிப்பட்டது. அப்படம் இன்று கிடைக்கவில்லை. ஆதலின் அந்நடிப்பின் தரத்தை மதிப்பிட வழியில்லை.

'வைட் கோல்ட்' காட்டும் பெண்

வில்லியம் கே. ஹோவர்ட் இயக்கிய 'வைட் கோல்ட்' (1927) அவருடைய படங்களுள் தனித்து ஆராயத்தக்கது. தலைப்பு ஆட்டுக் கம்பளியைக் குறிப்பது. மெக்சிகோ நாட்டு நடனமாது ஒருத்தி ஆட்டுப்பண்ணைக் குடும்பத்தில் மணமாகிச் செல்கிறாள். மாமனார் அவளை வெறுக்கிறார். அத்துமீற வந்த பணியாளனை அவள் தற்காப்பிற்காகச் சுடுகிறாள். மாமனாரின் பொய்யோ அவளுடைய ஒழுக்கத்தின்மீது பழி சுமத்துகிறது. தன் தூய்மையை மெய்ப்பிக்கும் சான்று கையிலிருந்தும், நம்ப மறுத்த கணவனிடம் அதனைக் காட்டாது எறிந்துவிட்டு அவள் வெளியேறுகிறாள். சொல்லின்றி மெய்ப்பாட்டால் மட்டுமே உணர்த்த வேண்டிய மறுப்பு இது.

வழக்கும் தீர்ப்பும்

திரையில் சான்றை எறிந்த நடிகை வாழ்வில் சான்றோடு நீதிமன்றம் சென்றார். அதே 1927இல் செசில் பி. டிமில்லின் படநிறுவனம் அவரைப் பணிநீக்கம் செய்தது. காலந்தாழ்த்தி வந்தார், இயக்குநர்களின் ஆணைக்குப் பணியவில்லை என்பன அதன் குற்றச்சாட்டுகள். கலிபோர்னிய மேல்முறையீட்டு நீதிமன்றம் 1931இல் அவர் பக்கமே தீர்ப்பளித்தது. 30,000 டாலருக்கும் மேற்பட்ட இழப்பீடு உறுதியாயிற்று.

தீர்ப்பின் அடிப்படை கருதத்தக்கது. கலைத்திறனுக்காகப் பணியமர்த்தப்பட்ட ஒருவர் காட்சியைச் செம்மையாக்கும் நன்னோக்கோடு மாற்றுக் கருத்துரைப்பது கீழ்ப்படியாமை ஆகாது என நீதிமன்றம் கொண்டது. அவருடைய கருத்துகள் பல ஏற்கப்பட்டிருந்தன. குறைகூறிய நிறுவனமே முன்னர் ஒப்பந்தத்தை நீட்டித்துமிருந்தது. நடிப்பு என்பது ஏவலை நிறைவேற்றல் அன்று, பொருள்கொள்ளும் உழைப்பு என்னும் கருத்து இங்குச் சட்டத்தின் ஏற்பைப் பெற்றது எனலாம்.

வழக்கே அவர் திரைவாழ்வை உடனடியாக முடித்தது எனக் கூறுவதும் மிகையாகும். பணிநீக்கத்திற்குப் பின்னரும் 'லேடி ஆஃப் தி பேவ்மென்ட்ஸ்' (1929) படத்தில் டி. டபிள்யூ. கிரிஃபித்தின் இயக்கத்தில் நடித்தார். பேசும்படம் பரவிய காலத்தில் வாய்ப்புகள் அருகின. 1932இல் வெளிவந்த 'பிசினஸ் அண்ட் பிளஷர்' அவருடைய இறுதிப் படமாயிற்று. பின்னர்க் கணவர் ஹரோல்ட் கிரீவுடன் உள் அலங்காரத் தொழிலில் ஈடுபட்டார்.

முடிவுரை

பிறப்பைப் பொய்யாகக் கூறியவரை உரிமைக்குரலின் அடையாளமாகக் கொள்ளலாமா என்னும் வினா எழக்கூடும். அவர் பொய்யுரைத்தார் என்பதில் ஐயமில்லை. எனினும் அயல்நாட்டழகி என்னும் அப்புனைவின் பயனைப் படநிறுவனங்களும் நுகர்ந்தன. புனைந்த பிறப்பை விற்பனைப் பொருளாக்கிய தொழில், அவருடைய மெய்யான கலைத்தீர்ப்பையே குற்றமாகக் கருதியது. கூடாலின் திரைவாழ்வைப் பிடிவாதத்தின் கதையாக எழுதுவது, பணிநீக்கம் செய்தவர்களின் சொல்லையே வரலாறாக ஏற்பதாகும்.