கவுன்டருக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும்

பிரெடரிக் வைஸ்மன் படத்தைப் போட்டால் பத்தாவது நிமிடத்தில் பக்கத்தில் இருப்பவர் கேட்பார்: "கதை எப்பங்க ஆரம்பிக்கும்?" அது முதல் ஷாட்டிலேயே ஆரம்பித்திருக்கும். பின்னணிக் குரல், பேட்டி, யார் எவர் என்று பெயர் போடுவது, சோகத்துக்கு ஒரு வயலின் என்று எதுவும் கிடையாது. சட்டம் கற்பித்துக்கொண்டிருந்த வைஸ்மன் 1967 முதல் அரை நூற்றாண்டுக்கும் மேலாக, அமெரிக்க மருத்துவமனை, போலீஸ், பள்ளி, நூலகம் என்று போய் அன்றாட வேலையைப் படமெடுத்தவர்.

முதலில் காதைத் தீட்டிக்கொள்ளுங்கள். படப்பிடிப்பில் அவர் கையில் இருந்தது கேமரா அல்ல, மைக். நியூயார்க்கின் அரசு மருத்துவமனை ஒன்றில் எடுத்த 'ஹாஸ்பிடல்' (1970) படத்தில், ஒரு மனநல மருத்துவர் தன் நோயாளியான இளைஞனுக்கு உதவித்தொகை கேட்டு நலத்துறைக்குப் போன் போடுகிறார். பொறுமையாக விளக்குகிறார், கெஞ்சாத குறைதான். எதிர்முனைக் குரல் நமக்குக் கேட்பதில்லை. மருத்துவரின் முகத்தை வைத்துத்தான் மறுமுனையில் இருக்கும் அம்மாள் என்ன சொல்லியிருப்பார் என்று ஊகிக்கிறோம். கடைசியில் அந்த அம்மாள் பட்டென்று போனை வைத்துவிடுகிறார். டாக்டருக்கே இந்தக் கதி!

அப்படிப்பட்ட ஒரு நலத்துறை அலுவலகத்துக்குள்ளேயே கொண்டுபோகிறது 'வெல்ஃபேர்' (1975). இரண்டே முக்கால் மணி நேரம், கறுப்பு வெள்ளை. இந்தக் கடிதம் போதாது, அந்தக் கவுன்டருக்குப் போ, நாளைக்கு வா. தாலுகா ஆபீஸ் படியேறிய நம் வாசகருக்கு இதெல்லாம் சொல்லித்தர வேண்டியதில்லை. ஊழியரை வில்லனாக்கிவிடத் தோன்றும், அவசரப்படாதீர்கள். விதிக்கும் மனிதருக்கும் நடுவில் அவரும் நசுங்குவது கொஞ்சம் கொஞ்சமாகத் தெரியும். முடிவில் பெஞ்சில் உட்கார்ந்த ஒருவர், பெக்கெட் நாடகத்தில் வராமலே போன கோடோவைப் பற்றித் தனக்குத் தானே பேசுகிறார். எழுதிக் கொடுத்தாலும் இப்படி ஒரு காட்சி அமையாது.

வைஸ்மனின் அபிப்பிராயம் எடிட்டிங்கில் ஒளிந்திருக்கிறது. மாதக்கணக்கில் அவரே உட்கார்ந்து வெட்டுவார். ஆகவே ஒவ்வொரு காட்சி முடியும்போதும் 'இதற்கு அடுத்து ஏன் இது?' என்று கேட்டுப் பாருங்கள். பாஸ்டன் மாநகராட்சி பற்றிய 'சிட்டி ஹால்' (2020) நாலரை மணி நேரம் ஓடும். கூட்டம், மறுபடி கூட்டம். நடுவே ஒரு குப்பை லாரி, தூக்கிப்போட்ட பழைய மெத்தையை நசுக்கி விழுங்குகிறது. யாரும் ஒரு வார்த்தை பேசுவதில்லை, ஆனால் மாநகராட்சி என்றால் என்ன என்று மேயரின் உரைகளைவிட இதுவே எனக்கு அதிகம் சொன்னது. உண்மையில் அந்தப் படத்தில் மேயர் கொஞ்சம் அதிகம்தான்.

புதிதாகப் பார்ப்பவர்கள் 'ஹாஸ்பிடல்' படத்தில் தொடங்கலாம், ஒன்றரை மணி நேரம்கூட இல்லை. மனநோய்க் குற்றவாளிகளுக்கான சிறை பற்றிய முதல் படம் 'டிடிகட் ஃபாலீஸ்' அப்புறம் இருக்கட்டும். மாசசூசெட்ஸில் 1991 வரை பொதுவில் திரையிட முடியாதபடி நீதிமன்றம் தடுத்து வைத்திருந்த படம் அது, மனதைப் பிசையும். எதைப் பார்த்தாலும் ஒன்றரை மடங்கு வேகத்தில் மட்டும் ஓட்டாதீர்கள்.