“சும்மாதான் கெடக்கறேன்”: கணக்கெடுப்பு நூல்களும் வாசற்படிக் கேள்விகளும்

“சர்வே எடுக்க வந்திருக்கோம்” என்று சொல்லிக்கொண்டு ஒரு தெருவுக்குள் நுழைந்தால், “பட்டாவுக்கா?” என்றுதான் முதலில் கேட்பார்கள். நம் ஊர்களில் நிலத்தை அளப்பதும் சர்வே, மனிதரைக் கேட்பதும் சர்வே. விழுப்புரம் பக்கத்தில் எங்கள் குழு ஒரு முழு மதியத்தை இந்தச் சொல்லால் இழந்தது. எல்லைத் தகராறில் இருந்த ஒருவர் எங்களைக் கையோடு அழைத்துப்போய், பிடுங்கி நடப்பட்ட கல்லைக் காட்டினார். மறுநாளிலிருந்து “கணக்கெடுக்க வந்திருக்கோம்” என்று மாற்றிக்கொண்டோம். “நூறு நாள் வேலைக்கா?” என்றார்கள். அது பரவாயில்லை.

கணக்கெடுப்புக்கு இரண்டு கலைகள் வேண்டும். யாரைக் கேட்பது என்பது ஒன்று, எப்படிக் கேட்பது என்பது மற்றொன்று. முதலாவதற்கு அலமாரி நிறைய நூல்கள் இருக்கின்றன, அவற்றில் இந்தியர் எழுதியவை உலகத் தரமானவை. இரண்டாவதற்கான நூல்கள் குறைவு. இருப்பவையும் பெரும்பாலும் ஆங்கிலத்தில் கேட்கப்படும் ஆங்கிலக் கேள்விகளைப் பற்றியவை. நம் ஆய்வு மாணவர்கள் முதலாவதை மனப்பாடம் செய்கிறார்கள், இரண்டாவதை வாசற்படியில் நின்று தாங்களாகக் கற்கிறார்கள். கற்றதை எழுதி வைப்பதில்லை.

முதல் கலையின் இந்தியக் கதை நெல் வயலில் தொடங்குகிறது. ஐ.சி.எஸ். அதிகாரி ஜே.ஏ. ஹப்பேக் 1920-களில் பீகார், ஒரிசா வயல்களில் குலுக்கல் முறையில் இடம் தேர்ந்து, சிறு துண்டுகளை அறுத்து விளைச்சலை மதிப்பிட்டார். அடுத்து வந்தவர் புள்ளியியலாளர் பி.சி. மகலனோபிஸ். 1937 முதல் வங்காளச் சணல் பரப்பை மாதிரி முறையில் கணக்கிட்டு, அந்த அனுபவத்தை 1944-இல் ராயல் சொசைட்டி இதழில் நீண்ட கட்டுரையாக்கினார். அதில் எனக்குப் பிடித்த உத்தி, ஒரே பகுதிக்கு இரண்டு குழுக்களைத் தனித்தனி மாதிரிகளோடு அனுப்புவது. இரு குழுக்களும் கொண்டுவரும் எண்கள் எவ்வளவு விலகுகின்றனவோ, அந்த விலகல் கணக்கெடுத்தவர்களின் தவறையும் சேர்த்தே காட்டிக்கொடுக்கும். ஊழியரை நம்புகிறேன் என்று சொல்லிக்கொண்டே சரிபார்க்கும் கெட்டிக்காரத்தனம் அது.

அவரோடு மோதியவர் இன்னொரு புள்ளியியலாளர் பி.வி. சுகாத்மே. விளைச்சலை மதிப்பிட மகலனோபிஸ் சிறிய வட்டங்களை அறுத்தார், அது போதாது என்றார் சுகாத்மே. சண்டையின் மூலம் ஓரத்துக் கதிர். கயிறு போட்டு வட்டம் கட்டும்போது விளிம்பில் நிற்கும் தூர் உள்ளேயா, வெளியேயா? அறுப்பவர் கை தன்னையறியாமல் அதை உள்ளே இழுத்துக்கொள்ளும். துண்டு சிறிதாக ஆக ஆக, பரப்பைவிட ஓரத்தின் பங்கு கூடும். விளைச்சலும் கூடுதலாகத் தெரியும். இன்று நெல்லுக்கான பயிர் அறுவடைப் பரிசோதனையில் 5 மீட்டருக்கு 5 மீட்டர் சதுரம் அறுக்கிறார்கள். பயிர்க் காப்பீட்டுத் தொகை பெருமளவு அந்தச் சதுரத்தை நம்பி இருக்கிறது. கூறெடுப்பு, அதாவது மாதிரி தேரும் முறை, பற்றிய சுகாத்மேயின் நூல் 1954-இலும், எம்.என். மூர்த்தியின் நூல் 1967-இலும் வந்தன. அமெரிக்கர்களான காக்ரன் (1953), கிஷ் (1965) ஆகியோரின் நூல்களோடு இவையும் ஒரே தட்டில் வைக்கத்தக்கவை.

கல்லூரிகளில் நடைமுறையில் ஆள்வது சி.ஆர். கோத்தாரியின் பாடநூல். அது கெட்ட நூலல்ல. ஆனால் அதிலிருந்து ‘எளிய சமவாய்ப்புக் கூறெடுப்பு’ என்ற பத்தியை எடுத்து எழுதிவிட்டு, விடுதித் தோழர்களுக்கு வாட்ஸ்அப்பில் கூகுள் ஃபார்ம் அனுப்பும் ஆய்வேடுகளை வருடந்தோறும் பார்க்கிறேன். எண்ணிக்கை பெருகினால் உண்மை வந்துவிடும் என்ற நம்பிக்கை 1936-லேயே உடைந்துபோனது. அமெரிக்காவின் லிட்டரரி டைஜஸ்ட் இதழ் ஒரு கோடிப் பேருக்கு அட்டை அனுப்பி, சுமார் 24 லட்சம் பதில்களை வாங்கி, லாண்டன் வெல்வார் என்றது. ரூஸ்வெல்ட் அமோகமாக வென்றார். தொலைபேசி வைத்திருந்தவர்கள், கார் வைத்திருந்தவர்கள் பட்டியலிலிருந்து முகவரி எடுத்ததும், விரும்பியவர் மட்டும் பதில் போட்டதும் சேர்ந்து கவிழ்த்தன.

ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்று சொல்லாமல் நம் வகுப்புகளில் இந்தப் பாடம் தொடங்குவதில்லை. ஒரே பானையாக இருந்தால் அது சரி. நம் கிராமத்தில் ஊர் என்றும் காலனி என்றும் குறைந்தது இரண்டு பானைகள். ஊர்த் தெருவில் தங்கி, அங்கேயே சாப்பிட்டு, சாயங்காலம் அரை மணி நேரம் காலனிக்குப் போய் வந்த கணக்கெடுப்புகளை நான் அறிவேன். அவற்றில் கூலி பற்றிய பதில்கள் வியக்கத்தக்க ஒற்றுமையோடு இருக்கும்.

தமிழ்நாட்டுக்கு இந்தத் துறையில் ஓர் அரிய சொத்து உண்டு. சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதல் பொருளாதாரப் பேராசிரியராக வந்த கில்பர்ட் ஸ்லேட்டர், 1916-இல் தம் மாணவர்களைக் கிராமங்களுக்கு அனுப்பினார். இருவேல்பட்டு, தூசி, பாலக்குறிச்சி, வடமலைபுரம், கங்கைகொண்டான் ஆகியவை உள்ளிட்ட தென்னிந்தியக் கிராமங்கள் 1918-இல் நூலாயின. 1930-களில் பி.ஜே. தாமசும் கே.சி. ராமகிருஷ்ணனும் மறு ஆய்வு செய்தார்கள். 1960-களில் மார்கரெட் ஹாஸ்வெல், 1980-களில் எஸ். குகன் முதலான சென்னை வளர்ச்சி ஆராய்ச்சி நிறுவனத்தார் என்று அந்த வரிசை தொடர்ந்தது. இருவேல்பட்டின் கதையை 2008 வரை கொண்டுவந்தவர்கள் ஜான் ஹாரிஸ், ஜெ. ஜெயரஞ்சன், கே. நாகராஜ். ஒரே ஊரை ஏறக்குறைய நூறு ஆண்டுகள் திரும்பத் திரும்பக் கேட்டிருக்கிறோம்.

குலுக்கல் போட்டுத் தேர்ந்த ஊர்கள் அல்ல அவை. 1916-இல் கல்லூரி வரை வந்த இளைஞன் எந்தத் தெருவிலிருந்து வந்திருப்பான் என்பதும் ஊகிக்கக்கூடியதே. அப்படியும் இந்த வரிசையைக் கூறெடுப்புப் பாடநூல்களுக்கு மேலாக வைப்பேன். பின்னால் வந்தவர் முன்னவரின் எண்ணோடு தம் எண்ணை வைத்துப் பார்க்கும்போது, முன்னவர் எதைக் கேட்கத் தவறினார் என்பதும் தெரிந்துவிடுகிறது.

எப்படிக் கேட்கிறோம் என்பதால் எத்தனை கோடிப் பேரின் நிலை மாறும் என்பதற்கு, தேசிய மாதிரி ஆய்வின் நினைவுக்கால வழக்கே சாட்சி. கடந்த 7 நாளில் என்ன வாங்கிச் சாப்பிட்டீர்கள், கடந்த 30 நாளில் என்ன சாப்பிட்டீர்கள் என்று இரண்டு விதமாகக் கேட்டால் இரண்டு நாடுகள் தெரிகின்றன. வாரக் கேள்வி செலவைக் கூட்டிக் காட்டும் என்பது 1950-களின் சோதனையிலேயே தெரிந்தது. மாதக் கேள்வியே நிலைத்தது. 1999-2000-இன் 55-ஆவது சுற்றில் இரண்டு கேள்விகளுக்குமான கட்டங்களை ஒரே தாளில் அடுத்தடுத்து வைத்தார்கள். ஒரு கட்டத்தில் சொன்னதற்கு ஒத்துவரும்படி அடுத்ததைச் சொல்வதுதானே மனித இயல்பு? 1993-94-இல் 36 சதவீதமாக இருந்த வறுமை 26 சதவீதம் ஆகிவிட்டது என்று அரசு அறிவித்தது. அதில் எவ்வளவு சோறு, எவ்வளவு தாளின் கட்டம் என்ற விவாதம், ஆங்கஸ் டீட்டனும் வலேரி கோசலும் தொகுத்த ஒரு தடித்த புத்தகம் ஆயிற்று. 2022-23 செலவுக் கணக்கெடுப்பில் ஒரே வீட்டுக்கு மூன்று முறை போனார்கள். ஆகவே பழைய எண்ணோடு நேராக ஒப்பிட முடியாது. ஒப்பிடுகிறவர்கள் ஒப்பிட்டுக்கொண்டுதான் இருக்கிறார்கள்.

சொற்களைப் பற்றிய நூல்களில் முதலில் படிக்கவேண்டியது ஸ்டான்லி பெய்னின் ‘கேள்வி கேட்கும் கலை’ (1951). சூத்திரம் எதுவும் கிடையாது, வாய்விட்டுச் சிரிக்கலாம். ஆங்கிலத்தின் மிகச் சாதாரணச் சொற்கள் எப்படிக் காலை வாரிவிடும் என்று ஒவ்வொன்றாகக் காட்டுகிறார். ‘யூ’ என்ற சொல் ஒருவரையா, கடை முழுவதையுமா குறிக்கிறது என்பது அவர் கவலைகளில் ஒன்று. நமக்கு அந்தக் கவலை இரட்டிப்பு. “நீங்க எத்தனை காணி வெச்சிருக்கீங்க?” என்றால் மரியாதைக்குரிய ஒருவரா, அண்ணன் தம்பி எல்லோருமா? வட மாவட்டத்துக் காணி 1.32 ஏக்கர் என்று நீங்கள் பெருக்கிக்கொண்டிருக்கும்போது, அவர் பிரிக்காத பாகத்தையும் சேர்த்துச் சொல்லியிருப்பார்.

ஷூமனும் பிரெஸ்ஸரும் 1981-இல் எழுதிய நூல் இன்னும் கறாரானது. ஒரு பேச்சை ‘அனுமதிக்கக் கூடாது’ என்று சொல்லத் தயங்காதவர்களில் பலர், ‘தடை செய்யவேண்டும்’ என்று சொல்லத் தயங்குகிறார்கள் என்பதைச் சோதித்துக் காட்டியது. ராபர்ட் குரோவ்ஸும் பிறரும் 2004-இல் எழுதியது முறையான பாடநூல். ஒரே ஒரு நூல்தான் வாங்க முடியும் என்றால் அதை வாங்குங்கள்.

ஆனால் கீழே வரும் உரையாடலுக்கு இவற்றில் எதுவும் உதவாது.

“என்னக்கா வேலை பாக்குறீங்க?”

“வேலையா? ஒண்ணும் இல்லம்மா. வூட்ல சும்மாதான் கெடக்கறேன்.”

சொன்ன அக்காவின் மடியில் முறம். முறத்தில் விதைக்கு உடைக்கும் மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை. படிக்கு இவ்வளவு என்று கூலி. எங்கள் குழுவின் பெண் ‘வீட்டு வேலை’ என்று குறித்துக்கொண்டு எழுந்துவிட்டாள். அன்றிரவு அதைப் பற்றிப் பேசி, மறுநாள் கேள்வியை மாற்றினோம்: “நேத்து காலைல எழுந்ததுலேருந்து என்னென்னக்கா செஞ்சீங்க?” விடியற்காலை நாலரைக்குக் கறந்த பால் சொசைட்டிக்குப் போனதிலிருந்து, புல்லறுப்பு, இரண்டு மணி வரை களையெடுப்பு, பிறகு மல்லாட்டை என்று ஒரு பக்கம் நிறைந்தது. ‘வேலை’ என்ற சொல்லுக்கு அவர் வைத்திருந்த பொருள், கம்பெனிக்கோ ஆபீசுக்கோ போய் மாதச் சம்பளம் வாங்குவது.

தேசிய மாதிரி ஆய்வின் குறியீட்டுப் பட்டியலில் 93 என்று ஓர் எண் உண்டு. வீட்டு வேலையோடு விறகு, தீவனம் சேகரித்தல், வீட்டுக்குத் துணி தைத்தல் முதலியவற்றையும் செய்கிறவர்களுக்கானது. அந்த எண் விழுந்தவர் உழைப்பாளர் கணக்கில் சேரமாட்டார். 1998-99-இல் தமிழ்நாடு உள்ளிட்ட ஆறு மாநிலங்களில் நடந்த நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பு, ‘என்ன வேலை’ என்பதை விட்டு நாளின் மணிகளைக் கேட்டது. 2019-இல் அது நாடு முழுவதற்கும் வந்தது.

இப்படிப்பட்ட திருத்தங்கள் ஒவ்வொரு குழுவிலும் நடக்கின்றன. ‘குடும்பம்’ என்று கேட்டால் ரேஷன் கார்டை எடுத்து வருகிறார்கள், ‘ஒரே அடுப்பா?’ என்று கேட்டால் சரியான பதில் வருகிறது. பிள்ளையின் வயது தெரியாதவரிடம் “தானே புயலப்போ பையன் நடந்தானா?” என்றால் ஆண்டு கிடைக்கிறது. ஆனால் ஆய்வேட்டின் பின்னிணைப்பில் பெரும்பாலும் ஆங்கிலக் கேள்வித்தாள்தான் இருக்கும். வாசலில் நின்று தமிழில் கேட்ட வாசகம் கணக்கெடுத்த பிள்ளைகளின் நோட்டோடு பழைய பேப்பர்க்காரருக்குப் போகும்.

கள ஆய்வு செய்துகொண்டிருக்கும் மாணவர்களுக்கும் நெறியாளர்களுக்கும் ஒரு வேண்டுகோள். தமிழில் கேட்ட கேள்விகளை, பேச்சு வழக்கிலேயே, முதலில் கேட்டுத் தோற்ற வாசகத்தையும் திருத்திய வாசகத்தையும் சேர்த்து, எந்த ஊர், எந்த மாதம் என்ற குறிப்போடு ஆய்வேட்டின் கடைசியில் அச்சிடுங்கள். பக்கம் கூடினால் கூடட்டும்.