மௌனத்தின் முன் பேசியவர்: ஹோவார்ட் வேர்னன்

போருக்குப் பிந்திய பிரெஞ்சு சினிமா பற்றிப் பேசும்போது ஹோவார்ட் வேர்னனின் பெயர் அநேகமாக வருவதில்லை. சுவிஸில் பிறந்து 1996இல் காலமான இந்நடிகரை, 1949இல் வெளிவந்த 'கடலின் மௌனம்' என்ற ஒரு படத்துக்காகவேனும் நாம் அறிந்திருக்க வேண்டும் என்பது எனது கருத்து.

ஆக்கிரமிப்புக் காலத்தில், 1942இல், வெர்கோர் என்ற புனைபெயரில் இரகசியமாக வெளியான நாவலை ஷான் பியேர் மெல்வில் உரிமை பெறாமலே படமாக்கினார். முன்னாள் எதிர்ப்பியக்கத்தினர் அடங்கிய குழு ஏற்காவிட்டால் படச்சுருளை எரித்துவிடுவதாக வாக்களித்திருந்தார். கதை எளிமையானது. யேர்மன் அதிகாரி ஒருவன் ஒரு பிரெஞ்சு வீட்டில் தங்க வைக்கப்படுகிறான். அங்குள்ள முதியவரும் அவரது மருமகளும் அவனுடன் பேச மறுக்கின்றனர். அவனோ ஒவ்வோர் இரவும் வந்து இசை, இலக்கியம், பிரான்ஸ் மீதான தனது காதல் எல்லாவற்றையும் பேசிவிட்டுப் போகிறான்.

'நல்ல யேர்மானியனை'க் காட்டி ஆக்கிரமிப்பை இக்கதை மென்மையாக்குகிறது என்ற குற்றச்சாட்டு நாவல் வெளிவந்த காலத்திலேயே எழுந்தது. படத்தைப் பொறுத்தவரை அதனை என்னால் ஏற்கமுடியவில்லை. அதற்குக் காரணம் வேர்னனின் நடிப்பே. அவர் இந்த அதிகாரியை நடிக்கும் போலியாளனாகக் காட்டவில்லை. அவனது பண்பு உண்மையானது. சீருடையைக் கழற்றிவிட்டுச் சாதாரண உடையில் கூட வருகிறான். ஆனால் அந்த அறைக்குள் வருவதற்கு அவன் யாரிடமும் அனுமதி கேட்கவேண்டியதில்லை. உடை மாறினாலும் அந்த அதிகாரம் மாறுவதில்லை. வேர்னனின் குரல் எவ்வளவுக்கெவ்வளவு கனிகிறதோ, அந்த மௌனம் அவ்வளவுக்கவ்வளவு நியாயமாகிறது.

பாரிஸ் சென்று தன் நண்பர்களின் உண்மையான நோக்கத்தை அறிந்தபின் அவன் உடைந்துபோகிறான். குற்றமான கட்டளைக்குப் பணியாத சிப்பாயைப் போற்றும் புத்தகப் பக்கம் ஒன்றை முதியவர் அவன் கண்ணில் படும்படி வைக்கிறார். அவன் வாசிக்கிறான். வாசித்தும் போர்முனைக்கே போகிறான். நல்ல மனிதனும் கட்டளைக்குக் கீழ்ப்படிகிறான் என்பதே இப்படத்தின் கடுமையான உண்மை. இராணுவத்தான் சிரித்த முகத்துடன் வாசலில் வந்து நின்றதைக் கண்டவர்களுக்கு இதை நான் விளக்கத் தேவையில்லை.

இந்த நுட்பத்தைச் சினிமாத் தொழில் கண்டுகொள்ளவில்லை. 'தி ட்ரெயின்' (1964) போன்ற படங்களில் அவருக்கு மீண்டும் யேர்மன் சீருடையே மாட்டப்பட்டது. ஸ்பானிய நெறியாளர் ஜெஸ் பிராங்கோவின் 'டொக்டர் ஓர்லோவ்' (1962) அவரைத் திகில் படங்களின் கொடிய வைத்தியராக்கியது. கோடாரின் 'அல்ஃபாவில்' (1965) படத்தில் பேராசிரியர் வொன் பிரவுணாகவும், 'டெலிகாடெசன்' (1991) படத்தில் தவளைகளோடும் நத்தைகளோடும் வாழும் கிழவராகவும் வந்தார். அந்நியனின் முகத்தையும் உச்சரிப்பையும் கண்டவுடன் அவனுக்கான வேடத்தைத் தீர்மானித்துவிடும் பழக்கம் சினிமாவுக்கு மட்டும் உரியதல்ல.

'கடலின் மௌனம்' படத்தைத் தேடிப் பாருங்கள். பார்த்தபின் அந்த அதிகாரியை மன்னிக்கலாமா என்பதை விவாதிப்போம். என்னால் முடியவில்லை.