லூக்கி பேசிய மொழி

ஜான் ஃபோர்டின் 'தி ஹார்ஸ் ஸோல்ஜர்ஸ்' படம் 1959-ல் வெளிவந்தது. ஜான் வெய்னுக்காகவும் வில்லியம் ஹோல்டனுக்காகவும் அதைப் பார்க்கிறவர்களே அதிகம். நான் பார்த்தது லூக்கி என்ற வேலைக்காரிக்காக. அந்த வேஷத்தில் வருகிறவர் அல்தியா கிப்ஸன். 1957-லும் 1958-லும் விம்பிள்டனில் வென்றவர். அந்தப் பட்டத்தை வென்ற முதல் கறுப்பினப் பெண்.

சாம்பியனுக்குச் சினிமா எதற்கு என்று தோன்றலாம். அந்நாளில் விம்பிள்டன் அமெச்சூர்களின் ஆட்டம். எலிஸபெத் ராணி தம் கையால் பரிசளித்தார். நியூயார்க் நகரம் ஊர்வலம் நடத்தி வரவேற்றது. ஆனால் பரிசுப் பணம் ஒரு காசு கிடையாது. ஊர்வலம் கலைந்த பிறகு ஜீவனத்துக்கு என்ன செய்வது? இசைத்தட்டில் பாடினார், பணத்துக்கு டென்னிஸ் ஆடினார், நடிக்கவும் வந்தார்.

கதை அமெரிக்க உள்நாட்டுப் போர்க் காலத்தது. வடக்குப் படையின் திட்டத்தை ஒட்டுக்கேட்ட தெற்கத்திச் சீமாட்டியையும், அவளுடைய அடிமைப் பெண் லூக்கியையும் படைத்தலைவன் தன்னோடு இழுத்துச் செல்கிறான். வழியில் லூக்கி குண்டடிபட்டுச் சாகிறாள். உலகத்தையே வென்ற பெண்ணுக்குச் சினிமா கொடுத்த வேஷம் இவ்வளவுதான்!

வசனம் அதைவிட மோசம். கறுப்பர் என்றால் பிறர் சிரிக்கும்படி கொச்சை பேச வேண்டும் என்பது ஹாலிவுட்டின் பழைய சம்பிரதாயம். அப்படிப் பேச மாட்டேன் என்று கிப்ஸன் மறுத்தார். பிறர் சொல்லுக்கு லேசில் வளையாத ஃபோர்ட், வசனத்தை மாற்றச் சம்மதித்தார்.

அவர் நடிப்பில் மேதை என்று நான் சொல்லவில்லை. சில இடங்களில் பாடம் ஒப்பிப்பது போலிருக்கிறது. ஆனாலும் லூக்கி கேலிப் பொருளாகவில்லை. அவள் சாகும்போது, செத்தது ஒரு மனுஷி என்று நம் மனத்தில் படுகிறது.

கொச்சையே கூடாது என்பதல்ல என் கட்சி. தன் ஜனங்களின் பேச்சை ஆசையோடு காதில் வாங்கி எழுதுகிறவன் கையில் அது உயிருள்ள மொழி. ஆளையே அறியாதவன் எழுதினால் வெறும் விகடம். கதை எழுதும் எவனும் இந்த வித்தியாசத்தை மறக்கக் கூடாது.

அடிமை வேஷத்தையே மறுத்திருக்கலாமே என்று கேட்கலாம். வயிற்றுப்பாட்டை வைத்துக்கொண்டு அப்படி மறுப்பது எல்லோருக்கும் ஆகிற காரியமல்ல. வேஷத்தை ஏற்றுக்கொண்டு, அதற்குள் இழிவுக்கு இடமில்லை என்று அவர் கோடு கிழித்தார். பிற்பாடு கோல்ஃப் ஆடப் போய்விட்ட அவர், 2003-ல் காலமானார். நடிகை என்று அவரை நினைப்பவர்கள் இன்று குறைவு. எனக்கோ, அந்தப் படத்தில் பட்டாளத்தின் ஆரவாரத்தைவிட, லூக்கி நிமிர்ந்து பேசும் அந்தச் சில வார்த்தைகளே நிற்கின்றன.